கமிஷனர் பார்க்கிற வரைக்கும்

தாண்டவராயன் அரசு பஸ்ஸில் செக்கிங் இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்றது உடம்பு மட்டும்தான். சந்தேகம் இன்னும் டூட்டியில் இருந்தது. கல்யாண வீட்டுப் பந்தியைப் பார்த்தால்கூட, இதில் எத்தனை பேர் பத்திரிகை இல்லாமல் ஏறியவர்கள் என்று ஒரு நோட்டம் விட்டுவிட்டுத்தான் இலையில் உட்காருவார். மனிதர்களை அவர் இரண்டே வகையாகப் பிரித்து வைத்திருந்தார்: டிக்கெட் எடுத்தவர்கள், இன்னும் மாட்டாதவர்கள். மாட்டப்போகிறவனை முகத்தை வைத்தே கண்டுபிடித்துவிடலாம் என்பார். அவன் மட்டும் ஜன்னலுக்கு வெளியே ஏதோ பெரிய அதிசயத்தைப் பார்ப்பதுபோலப் பார்த்துக்கொண்டிருப்பானாம்.

இப்படிப்பட்டவரைத் திண்டிவனம் பூங்குளம் நகர் குடியிருப்போர் நலச் சங்கத்துக்குத் தலைவராக்காமல் வேறு யாரை ஆக்குவது? பூங்குளம் நகரில் பூ கிடையாது. குளத்தைத் தூர்த்துத்தான் நகரே போட்டார்கள். சங்கம் மட்டும் உண்டு. அது ஐந்து வருடமாகத் தெருவிளக்குக்கு மனு கொடுத்து, குடியரசு தினத்துக்கு மிட்டாய் கொடுத்து, செய்வதற்கு வேறு வேலையில்லாமல் இளைத்துக் கிடந்தது. அந்த நேரத்தில்தான் குவைத்தில் இருபது வருடம் வண்டி ஓட்டிவிட்டு வந்த அமீர் பாட்சா, தன் மாடி வீட்டு மொட்டைமாடியை ஒரு செல்போன் கம்பெனிக்கு வாடகைக்கு விட்டார். நாலு இரும்புக் கால்கள் வானத்தைப் பார்த்து எழும்பின. சங்கத்துக்கு உயிர் வந்தது.

நகரத்தில் பயம் இருந்தது நிஜம். குழந்தைக்கு ஏதாவது ஆகிவிடுமோ, வீட்டு விலை இறங்கிவிடுமோ என்று ஆளுக்கொரு பயம். அதை அப்படியே எழுதிக் கொடுத்திருக்கலாம். ஆனால் வக்கீல் திருமுருகன் கறுப்புக் கோட்டை நாற்காலியில் மாட்டிவிட்டு உதட்டைப் பிதுக்கினார்.

"பயம்னா கோர்ட்டு கேக்காது சார். பாதிப்புன்னாதான் கேக்கும். யாருக்கு இன்னா பாதிப்பு, எழுதிக்கினு வாங்க."

"டவருக்கு இன்னும் கரண்டே குடுக்கலியே வக்கீல் சார்" என்றார் தாண்டவராயன்.

"சோதனை ஓட்டம் நடந்ததாக நம்பப்படுகிறதுன்னு போட்டுக்கலாம். நம்புறதுக்கு இன்னா சார் கேடு?"

தாண்டவராயன் வீடு வீடாகப் போய்ப் பாதிப்பு வசூல் செய்தார். ரிட்டையர்டு வாத்தியார் வல்லரசு தீராத தலைவலி கொடுத்தார். மாவு மில்காரர் தூக்கமின்மையோடு, சேர்த்துக்கொள்ளுங்கள் என்று ஞாபக மறதியும் கொடுத்தார். எல்லாவற்றையும் திரட்டி, "மனுதாரர்களின் ரத்தமே கெட்டுவிட்டது" என்று தாண்டவராயனே ஒரு வரியை முடிப்பாக எழுதினார். அத்தனையும் கதை என்று அவருக்குத் தெரியும். இரும்பு சும்மா நிற்கிறது. அதன் உச்சியில் ஒரு காக்கை குடும்பம் நடத்துகிறது. ஆனாலும் பொதுக் காரியத்துக்குச் சொல்கிற பொய், கோயில் பிரசாதத்தில் விழுந்த எறும்பு மாதிரி. கண்டுகொள்ளாமல் விழுங்கிவிட வேண்டும் என்பது அவர் கட்சி.

கடைசி வீடு பெரியதம்பியுடையது. பெரியதம்பிக்கு வல்லம் பக்கத்தில் சொந்த நிலம், அதில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, போட்டிருந்தார். வாரத்தில் பாதி நாள் அங்கேதான். வீட்டில் அவர் மனைவி அம்சா மட்டும் இருந்தாள். அவள் வாசற்படியைப் பிடித்துக்கொண்டு மெதுவாகச் சொன்னாள்.

"மயக்கமா வருது தலைவரே. நாலு படி ஏறினா நெஞ்சு படபடன்னு அடிச்சிக்குது. காதுல ஙொய்யுன்னு ஒரு சத்தம். கை கால்லாம் சில்லுன்னு ஆவுது."

தாண்டவராயன் எழுதுவதை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார். மற்றவர்கள் எல்லாம் யோசித்து யோசித்துச் சொன்னார்கள். இவள் மனப்பாடமாக ஒப்பிக்கிறாளே.

"டவரு வந்ததுலேருந்துதானே?"

அம்சா தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். "அப்படியே வச்சிக்குங்க" என்றாள்.

டவர் வேலையை நிறுத்திவைக்கக் கோர்ட்டு இடைக்காலத் தடை கொடுத்தது. இடத்தைப் பார்த்து அறிக்கை கொடுக்க ஒரு அட்வகேட் கமிஷனரையும் நியமித்தது. "கமிஷனர் நேர்ல வந்து பாப்பாங்க சார். அவங்க பாத்தா பாத்ததுதான், அப்புறம் விழுப்புரத்துக்கு அப்பீல் போனாலும் அதைத்தான் எடுத்துப் பாப்பாங்க" என்றார் திருமுருகன். ஒரு செக்கிங் இன்ஸ்பெக்டருக்கு இது வேத வாக்கு. என்ன பார்ப்பார்கள் என்று அவர் கேட்கவில்லை. அதைக் கேட்டிருந்தால் இந்தக் கதையே கிடையாது.

அன்று சாயங்காலமே சங்கக் கூட்டம் போட்டார். மைக் தேவைப்படாத கூட்டத்தில் மைக் வைத்துப் பேசினார்.

"கமிஷனர் பாக்குற வரைக்கும் யாரும் மருந்து மாத்திரை சாப்பிட்டுத் தெளிவா நின்னுக்கினு இருக்கக் கூடாது. பாதிப்பு பாதிப்பா இருக்கணும். முக்கியமா எவரும் ஆஸ்பத்திரிக்குப் போகக் கூடாது. போனா டாக்டர் சீட்டுல பித்தம், சூடுன்னு எதையாவது கிறுக்கிடுவாரு. டவருன்னு எழுத மாட்டாரு. எதிர்க்கட்சிக்காரன் கையில அந்தச் சீட்டு கிடைச்சா கேஸ் பணால்."

கைதட்டினார்கள். ஆரோக்கியமானவர்களுக்கு ஆஸ்பத்திரிக்குப் போகாமல் இருப்பது சுலபமான தியாகம். கூட்டம் கலையும்போது அம்சா பக்கத்தில் வந்தாள்.

"அப்ப நானும் போவக் கூடாதா தலைவரே? இவரு முண்டியம்பாக்கம் பெரியாஸ்பத்திரிக்கு இட்டுகினு போறேன்னாரு."

"நீதாம்மா முக்கியம். நீ போய்ட்டா கேஸ்ல இன்னா இருக்குது? ஒரு வாரம் பொறுத்துக்கோ."

முதல் வாரம் வக்கீல்கள் கோர்ட்டுப் புறக்கணிப்பு. அப்புறம் கமிஷனர் வீட்டில் ஒரு கல்யாணம். அப்புறம் மழை. ஆடி போய் ஆவணி வந்தது. ஒரு வாரம் மட்டும் முடியவில்லை. அம்சா குழாயடியில் குடத்தை வைத்துவிட்டு சுவரோடு சாய்ந்து நிற்பதை தாண்டவராயன் இரண்டு மூன்று தடவை பார்த்தார். கமிஷனர் இல்லாதபோதுகூட இவ்வளவு அக்கறையாகச் செய்கிறாளே என்று மனதுக்குள் மெச்சிக்கொண்டார்.

அவர் மனைவி சின்னபொண்ணுதான் ஒரு நாள் சோறு போட்டுக்கொண்டே சொன்னாள். "இன்னாங்க, அந்த அம்சாவுக்கு நெசமாவே முடியல. கேப்பைக் களி கிண்டக்கூட கை வரலியாம். எனக்கென்னமோ அது பொம்பள சமாச்சாரம் மாதிரி தெரியுது. வாயத் தொறந்து சொல்ல மாட்டேங்கறா."

"டவரு ஆம்பளன்னு பாக்குமா, பொம்பளன்னு பாக்குமா?" என்றார் தாண்டவராயன். சொன்னதும் அந்த வாக்கியம் அவருக்கே பிடித்துப்போனது. அடுத்த பத்திரிகைச் செய்திக் குறிப்பில் அதைச் சேர்த்தார்.

ஒருவழியாகக் கமிஷனர் வரும் நாள் வந்தது. காலையிலேயே தெருவில் கயிற்றுக் கட்டில்கள் இறங்கின. வல்லரசு வாத்தியார் நெற்றியில் ஈரத்துண்டைக் கட்டிக்கொண்டு படுத்தார். மாவு மில்காரர் முனகுவதற்கு முன்னால் தெம்புக்கு ரெண்டு பஜ்ஜி சாப்பிட்டார். தாண்டவராயன் பழைய விசில் இல்லாத குறையாக வரிசையைச் சரிபார்த்துக்கொண்டு வந்தார்.

"வாத்தியாரே, கால் மேல கால் போட்டுக்கினு தலைவலிக்குதுன்னா எவன் நம்புவான்? இறக்குங்க."

அம்சாவை முன்வரிசையில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்திருந்தார்கள். தாண்டவராயன் குனிந்து அவள் முகத்தைப் பார்த்தார். வெள்ளைக் காகிதம் மாதிரி இருந்தது. உதட்டில்கூட நிறம் இல்லை.

"பலே. பவுடரா?" என்றார்.

அம்சா சிரிக்க முயன்றாள். "இல்ல தலைவரே, இப்படியே இருக்குது."

"நல்லா இருக்குது. இப்படியே இரு. அவங்க கிட்ட வரும்போது மட்டும் கொஞ்சம் மேல்மூச்சு வாங்கு."

"அது தானா வாங்குது" என்றாள் அம்சா.

கமிஷனர் ஸ்கூட்டியில் வந்தார். சின்ன வயசுப் பெண் வக்கீல். பையைத் திறந்து ஒரு நீளமான அளவு டேப்பை எடுத்தார். "மனுதாரர் யாரு? எதிர்மனுதாரர் யாரு? ஆளுக்கொரு நுனியப் பிடிங்க."

பூங்குளம் நகர் மக்கள், தங்கள் தலைவரும் அமீர் பாட்சாவும் ஒரே டேப்பின் இரண்டு நுனிகளைப் பிடித்துக்கொண்டு தெருவில் பவ்வியமாக நடப்பதைக் கட்டில்களில் படுத்தபடி பார்த்தார்கள். டவரிலிருந்து முதல் வீட்டுக்கு இவ்வளவு. அங்கன்வாடிக்கு இவ்வளவு. தென்னைமரம் ஒன்று. கமிஷனர் குறித்துக்கொண்டார். முனகல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறின. அவர் திரும்பிப் பார்க்கவில்லை. டேப்பைச் சுருட்டிப் பைக்குள் போட்டபோது தாண்டவராயன் குறுக்கே போய் நின்றார்.

"மேடம், நோயாளிங்க எல்லாம் காத்துக்கினு இருக்காங்க. பாக்கலீங்களா?"

"நோயாளிங்களா?" கமிஷனர் அப்போதுதான் கட்டில்களைக் கவனித்தார். "எனக்கு இடத்தைப் பாக்கத்தான் உத்தரவுங்க. எத்தனை மீட்டர், எத்தனை வீடு, அவ்ளோதான். உடம்பு சரியில்லன்னா டாக்டர்கிட்ட இட்டுகினு போங்க. ஏன் இப்படி வெயில்ல போட்டு வச்சிருக்கீங்க?"

ஸ்கூட்டி கிளம்பியது. அது முனை திரும்பியதும் நகரமே ஒரே நொடியில் குணமானது. வாத்தியார் எழுந்து ஈரத்துண்டைப் பிழிந்தார். மில்காரர் கட்டிலைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டார், தூக்கமில்லாமல் துவண்டவர். அம்சாவும் எல்லாரோடும் எழுந்தாள். நாற்காலியை எடுக்கப் போனவள்போல முன்னால் குனிந்தாள். அப்படியே சரிந்து மண்ணில் விழுந்தாள்.

சிலர் சிரித்தார்கள். தாண்டவராயன் பக்கத்தில் போய்த் தாழ்ந்த குரலில் சொன்னார். "போதும் அம்சா. அந்தம்மா போய்ட்டாங்க. எழுந்திரு."

அவள் எழுந்திருக்கவில்லை. சின்னபொண்ணு ஓடி வந்தாள். வாத்தியார் கையிலிருந்த துண்டைப் பிடுங்கி அம்சாவின் புடவைமேல் போட்டு மூடினாள். "ஆம்பளைங்கல்லாம் அந்தாண்ட போங்க" என்றாள். பிறகு புருஷனை நிமிர்ந்து பார்த்தாள். கல்யாணமான இத்தனை வருடத்தில் அவள் அவரை அப்படிப் பார்த்ததில்லை. "நீங்களுந்தான்."

அமீர் பாட்சாவின் கார்தான் முதலில் வந்து நின்றது. பின்சீட்டில் சின்னபொண்ணு மடியில் அம்சாவின் தலை. முன்சீட்டில், ஆறு மாதமாக முகம் பார்த்துப் பேசாத எதிர்மனுதாரருக்குப் பக்கத்தில், தாண்டவராயன்.

"இன்ஸ்பெக்டரே, பெல்ட்டு" என்றார் அமீர் பாட்சா. விக்கிரவாண்டி டோல்கேட் தாண்டும்வரை இருவரும் பேசிக்கொண்டது அவ்வளவுதான்.

முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரியில் அம்சாவுக்கு நினைவு திரும்பியிருந்தது. டாக்டரம்மா அவள் கண் இமையைக் கீழே இழுத்துப் பார்த்தார், நகத்தைப் பார்த்தார், ஸ்கேனுக்கு அனுப்பினார். திரும்பி வந்து கட்டிலருகே நின்றுகொண்டு சொன்னார்.

"கர்ப்பப்பையில கட்டி. பயப்படற கட்டி இல்ல, ஆபரேஷன் பண்ணா சரியாய்டும். ஆனா மாசக்கணக்கா ரத்தம் போயிருக்குது. உடம்புல ரத்தமே இல்லம்மா. மயக்கம், படபடப்பு, காதுல சத்தம் எல்லாம் இருந்திருக்குமே?"

"இருந்துச்சு டாக்டரம்மா."

"யார்கிட்டயும் சொல்லலியா?"

அம்சா சின்னபொண்ணைப் பார்த்தாள். "ரத்தம் போறத எப்படிம்மா சொல்றது, தெருவுல ஆம்பளைங்க முன்னாடி. டவருன்னா சொல்லலாம். எல்லாரும் சொன்னாங்க, நானும் சொன்னேன்."

"சரி, ஆஸ்பத்திரிக்கு ஏன் வரல இவ்ளோ நாளா? யாராச்சும் வேணாம்னாங்களா?"

அந்த அறையில் ஒரு ஜன்னல் இருந்தது. அதற்கு வெளியே பார்க்க ஒன்றுமில்லை. ஒரு சுவர், ஒரு குழாய். தாண்டவராயன் அந்தக் குழாயையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"யாரோ சொன்னாங்க" என்றாள் அம்சா. "ஞாபகம் இல்ல டாக்டரம்மா."

"யாரோ சொன்னானாம்! எந்த முட்டாள் அது?" என்றவர் பதிலுக்குக் காத்திராமல் வெளியே போனார். வாசலில் நர்ஸ், உடனே ரத்தம் ஏற்றப்போவதாகவும், ஆபரேஷனுக்கும் வேண்டியிருப்பதால் சொந்தக்காரர்கள் நாலைந்து பேர் வந்து ரத்தம் கொடுத்தால் நல்லது என்றும் சொன்னாள். எந்த குரூப்பாக இருந்தாலும் பரவாயில்லை, எடுத்த ரத்தத்துக்கு ஈடாக வங்கியில் சேர்த்துக்கொள்வார்களாம்.

இது சங்கத்தின் வேலை. தாண்டவராயன் வராந்தாவுக்கு வந்து ஒவ்வொருவராக போன் போட்டார். வாத்தியார் இதோ கிளம்பிவிட்டேன் என்றார். மில்காரர் வண்டியே எடுத்துவிட்டேன் என்றார். யாரும் வரவில்லை. வக்கீலின் போன் வந்தது.

"இன்னா சார், ரத்தம் குடுக்க ஆள் கூப்டுறீங்களாமே? வாத்தியார் என்கிட்ட கேட்டாரு, வேணாம்னுட்டேன். ரத்தமே கெட்டுப்போச்சுன்னு மனுவுல சத்தியம் பண்ணிட்டு, போய் ரத்தம் குடுத்தா இன்னா அர்த்தம்? எதிர்க்கட்சி வக்கீல் அதை வச்சிக்கினு விழுப்புரம் வரைக்கும் சிரிப்பான் சார்."

"ஒரு பொம்பள உயிரு வக்கீல் சார்."

"ஆஸ்பத்திரியில இல்லாத ரத்தமா, அவங்க பாத்துப்பாங்க. அப்புறம் ஒரு முக்கியமான விஷயம். அந்தம்மாவோட ரிப்போர்ட்டு எல்லாத்தையும் ஒரு ஜெராக்ஸ் போட்டு வாங்கிடுங்க. கோர்ட்டுல படிச்சிடலாம். நமக்கு லாட்டரி அடிச்சிருக்குது சார், இது வரைக்கும் கேஸ்ல உருப்படியா ஒண்ணும் இல்ல."

"அதுல வேற என்னமோ எழுதி இருக்குது. பொம்பள சமாச்சாரம். அத கோர்ட்டுல படிக்கறதா? அம்சா பேரையே மனுவுலேருந்து எடுத்துருங்க."

"அது ஒண்ணுதான் சார் நெசம். அத எடுக்கச் சொல்றீங்களே."

"அதனாலதான் எடுக்கச் சொல்றேன்" என்று தாண்டவராயன் போனை வைத்தார். வாழ்க்கையில் அவர் யோசிக்காமல் சொன்ன முதல் நல்ல வாக்கியம் அதுதான். பத்திரிகைக் குறிப்பில் சேர்க்கத் தோன்றவில்லை.

ரத்த வங்கி வாசல் பெஞ்சில் அமீர் பாட்சா உட்கார்ந்திருந்தார். "எனக்குச் சக்கரை, வேணாம்னுட்டாங்க. என் மச்சான வரச் சொல்லியிருக்கேன், வானூர்லேருந்து வந்துகினு இருக்கான்" என்றார். பிறகு ஒன்றும் கேட்காமல் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டார். உங்கள் ஆட்கள் எங்கே என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் தாண்டவராயனால் சண்டையாவது போட்டிருக்க முடியும். அந்த இடத்தில் உட்காரக் கூசி, உள்ளே போய்விட்டார்.

உள்ளே இருந்த பெண் வயசு கேட்டாள், எடை பார்த்தாள், பிரஷர் பார்த்தாள். அப்புறம் கேள்விகளை ஒப்பிக்க ஆரம்பித்தாள்.

"தலைசுத்தல், மயக்கம் வருமா?"

"வராது."

"நைட்டு நல்லா தூங்குவீங்களா?"

"தூங்குவேன். குறட்டை விட்டுத் தூங்குவேன்."

"ரத்தம் சம்பந்தமா ஏதாவது வியாதி?"

"இல்லம்மா. எந்த வியாதியும் இல்ல. ஆரம்பத்துலேருந்தே இல்ல."

கேட்ட கேள்விக்கு மேல் ஏன் இந்த மனிதர் சொல்கிறார் என்று அவள் நிமிர்ந்து பார்த்தாள். ஒவ்வொரு பதிலிலும் மனுவில் ஒரு பத்தி அடிபட்டுப் போய்க்கொண்டிருந்தது அவளுக்கு எப்படித் தெரியும்? ஊசி போட்டாள். பை மெதுவாக நிறைந்தது. கெட்டுப்போனதாகச் சத்தியம் செய்யப்பட்ட ரத்தம், எந்த வெட்கமும் இல்லாமல் செக்கச்செவேலென்று இறங்கிக்கொண்டிருந்தது.

"இந்த வயசுக்கு நல்லா வச்சிருக்கீங்க சார் உடம்ப" என்றாள் அந்தப் பெண். அவரை அதுவரை யாரும் அப்படித் திட்டியதில்லை.

சாயங்காலம் பெரியதம்பி வல்லத்திலிருந்து வந்து சேர்ந்தார். காலில் மல்லாட்டைக் கொல்லை மண் அப்படியே இருந்தது. தாண்டவராயனைப் பார்த்ததும் இரண்டு கையையும் எடுத்துக் கும்பிட்டார்.

"நீங்க இல்லன்னா இன்னா ஆயிருக்கும் சார். ஜல்தியா கொண்டாந்து சேத்தீங்க. ரத்தம் வேற குடுத்தீங்கன்னு அக்கா சொன்னாங்க."

தாண்டவராயன் சின்னபொண்ணைப் பார்த்தார். அவள் வேறு பக்கம் பார்த்தாள். காட்டிக்கொடுத்திருக்கலாம், கொடுக்கவில்லை. அது மன்னிப்பு இல்லை என்பது மட்டும் அவருக்கு நன்றாகத் தெரிந்தது. சட்டைக் கையை இழுத்து, முழங்கை மடிப்பில் ஒட்டியிருந்த பஞ்சை மறைத்துக்கொண்டார்.

"சங்கத்துக்காரங்க எல்லாரும் சேந்து நம்ம நகரு கோயில் பக்கம் உங்க படம் வச்சி பேனர் கட்டியிருக்காங்க" என்று பெரியதம்பி மேலும் சொன்னார். "உயிர் காத்த தலைவர்னு. வர்ற வழியில பாத்தேன்."

கட்டிலில் அம்சா கண்ணைத் திறந்தாள். கையில் ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. உதட்டில் லேசாக நிறம் திரும்பியிருந்தது. அவரைப் பார்த்ததும் எழுந்து உட்காரப் போனாள். சின்னபொண்ணு தோளை அமுக்கிப் படுக்க வைத்தாள்.

"தலைவரே, கேஸ் இன்னா ஆச்சு? அந்தம்மா பாத்தாங்களா?"

தாண்டவராயன் சொட்டுச் சொட்டாக இறங்கும் ரத்தப் பையைப் பார்த்தார்.

"நான் சரியாதானே உக்காந்துகினு இருந்தேன்? நீங்க சொன்ன மாதிரிதான் இருந்தேன். அவங்க போனதுக்கு அப்புறமா போய் விழுந்து தொலைச்சேன் பாருங்க. கொஞ்சம் முன்னாடி விழுந்திருந்தா கேஸுக்காவது ஆயிருக்கும்."

"இல்லம்மா" என்றார் தாண்டவராயன். மைக் இல்லாமல் பேசுவது அன்றைக்குக் கஷ்டமாக இருந்தது. "அவங்க பாக்கவே இல்ல. அவங்க அளக்கத்தான் வந்தாங்களாம். ஆளுங்களப் பாக்கறது அவங்க வேலையே இல்லியாம். நான்தான் சரியா கேட்டுக்கல."

அம்சா கூரையைப் பார்த்தபடி விரலை மடக்கி மாதங்களை எண்ணினாள்.

"அப்ப இவ்ளோ நாளா நான்..." என்று ஆரம்பித்தவள் திரும்பி அவர் முகத்தைப் பார்த்தாள். பார்த்ததும் பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

"போனா போவுது தலைவரே" என்றாள், ஊசி குத்தாத கையால் அவர் சட்டைக் கையைத் தொட்டு. "மனசப் போட்டு ஒழப்பிக்காதீங்க. இன்னொரு தபா வருவாங்க இல்ல, அப்ப பாத்துக்கலாம்."